குகன் அண்ணையின் சட்டைக்குள் இருந்தது

குகன் அண்ணை, அந்தத் துப்பாக்கியை எங்கள் வான் வண்டிக்குள் வைத்தவர் நீங்கள். நாங்கள் எடுக்கவில்லை. அது தானாக ஏறி வரவும் இல்லை. உங்கள் கையால், உங்கள் சட்டையில் சுற்றி வைத்தீர்கள். வைத்துவிட்டுச் சாமி கும்பிடப் போனீர்கள்.

மற்றவர்களுக்காக நடந்ததை நடந்த ஒழுங்கில் எழுதுகிறேன். குகன் அண்ணை என் பெரியப்பாவின் மகன். முப்பது வருடமாக அமெரிக்காவில் இருக்கிறார். ஒகாயோ மாநிலத்தில், கொலம்பஸ் நகரத்துக்கு வெளியே பெற்றோல் நிலையம் நடத்துகிறார். அங்கே ஈழத்தவர்கள் சிலர் சேர்ந்து கட்டிய சின்ன முருகன் கோயிலுக்கு அவர்தான் தலைவர். நான் கனடாவில், ரொறன்ரோவின் ஸ்காபுறோவில் வெக்ஸ்போர்ட் பக்கம் இருக்கிறேன். பாண் லொறி ஓட்டுகிறேன். எனக்கு எழுத்து தொழில் இல்லை. கோபம் வந்ததால் எழுதுகிறேன்.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்கு வீட்டில் இருந்து புறப்பட்டோம். மூன்று பேர். நான், என் மனைவி ரதி, என் அக்காவின் மகன் சுதன். வான் சுதனுடையது, ஓட்டியவனும் அவன்தான். இங்கே படிக்க வந்து, பிக்கரிங்கில் ஒரு பண்டகசாலையில் வேலை எடுத்து, நிரந்தர வதிவிட உரிமை பெற்றவன். இந்த வருடம் குடியுரிமைக்கு விண்ணப்பித்திருந்தான். அமெரிக்க விசா கிடைத்த பிறகு இதுதான் அவனுடைய முதல் பயணம். போட்டோ எடுக்கவென்று தொலைபேசியை முதல் நாள் இரவே சார்ஜில் போட்டு வைத்திருந்தான்.

கொலம்பஸ் எழுநூறு கிலோமீற்றர் அளவு தூரம். நாங்கள் போர்ட் ஈரியில் எல்லைப் பாலம் கடந்து பஃபலோ வழியாகப் போனோம். அமெரிக்க அதிகாரி ஆயுதம் ஏதும் இருக்கிறதா என்று கேட்டார். ரதி, மிளகாய்த்தூள் இருக்கிறது என்றாள். அவர் சிரிக்கவில்லை. எங்களிடம் ஒரு குளிர்பெட்டிப் பை நிறையச் சிற்றுண்டி இருந்தது. குகன் அண்ணைக்கு ஸ்காபுறோ பற்றீஸ் என்றால் உயிர்.

அதற்குப் பிறகு ஒரே நெடுஞ்சாலை. வலது கைப் பக்கம் ஈரி ஏரி இடைக்கிடை தெரியும். நியூயோர்க் மாநிலம் முடிந்து பென்சில்வேனியா வரும். அது ஒரு மணித்தியாலம்கூட இல்லை, உடனே ஒகாயோ. பெயர்ப்பலகைதான் மாறும். அதே சோளக் கொல்லை, அதே லொறிகள், அதே புல். எந்த இடத்தில் சட்டம் மாறுகிறது என்று மண்ணைப் பார்த்துச் சொல்ல முடியாது. அன்று இதைப் பற்றி நான் யோசிக்கவே இல்லை. முந்திரிகைத் தோட்டங்களைப் பார்த்துக்கொண்டு போனேன்.

பின்னேரம் இரண்டு மணிக்குப் போய்ச் சேர்ந்தோம். அண்ணை எங்களுக்குத் தேத்தண்ணி ஊற்றினார். எட்டிச் சீனிப் போத்தலை எடுக்கும்போது சட்டை மேலே போனது. இடுப்பில் கறுப்பாக ஒன்று இருந்தது. ரதி என்னைப் பார்த்தாள். நான் கேட்டேன்.

"ஓம், வைச்சிருக்கிறன்," என்றார். "இஞ்சை எல்லாரும் வைச்சிருக்கினம்."

பேர்மிற் இருக்கிறதா என்று கேட்டேன். தேவையில்லை என்றார். 2022இல் அவர்களின் மாநிலம் சட்டத்தை மாற்றிவிட்டது. இருபத்தொரு வயது ஆகியிருந்து, சட்டம் துப்பாக்கி கூடாது என்று விலக்கி வைத்த ஆளாக இல்லாவிட்டால் போதும். பயிற்சியும் வேண்டாம், அனுமதியும் வேண்டாம், மறைத்து வைத்துக்கொண்டு கடைத்தெருவில் நடக்கலாம். முந்தி வகுப்புக்குப் போய், சுட்டுக் காட்டி, அனுமதி எடுக்கவேண்டி இருந்ததாம்.

அவர் சொன்ன நியாயத்தையும் எழுதத்தான் வேண்டும். அவருடைய நிலையத்தில் ஒருமுறை கொள்ளை நடந்தது. கல்லாவில் நின்ற பெடியனின் வாய்க்குள் துப்பாக்கியை வைத்தார்கள். பொலிஸ் வர அவர்கள் போய்விட்டார்கள். "பேர்மிற் எடுக்க லைனில நிண்டது நான். கள்ளன் நிண்டவனோ?" என்று கேட்டார். அந்தக் கேள்வி சரியானதுதான். அதனால் அவர் முடிவும் சரி என்று ஆகிவிடாது.

சுதன் பகிடியாக, "மாமா, நாளைக்குச் சாமிக்கும் உதோடதான் தீபம் காட்டப் போறியளோ?" என்று கேட்டான்.

அண்ணை சிரித்துவிட்டுச் சொன்னார்: "கோயிலுக்குக் கொண்டுபோறதில்லையடா. அது எங்கடை சட்டத்திலயே கூடாது."

இந்த வார்த்தையை நாங்கள் மூன்று பேரும் கேட்டோம்.

சனிக்கிழமை அண்ணையின் உபயம். அன்றைய பூசை, அலங்காரம், சாப்பாடு எல்லாம் அவர் பொறுப்பு. அவருடைய மனைவி விடியவே தன் காரில் பூவும் சமையல் கிடாரங்களும் ஏற்றிக்கொண்டு போய்விட்டார். அண்ணை எங்களோடு வானில் வந்தார். வேட்டி, மேலே தொளதொளவென்று ஒரு நீலச் சட்டை.

கோயில் முந்தி கம்பளக் கடையாக இருந்த கட்டடம். வாசல் கண்ணாடியில் இரண்டு படம் ஒட்டியிருந்தது. ஒன்று செருப்பு, மற்றது கைத்துப்பாக்கி. இரண்டின் மேலும் சிவப்புக் கோடு. ரதி அதைப் பார்த்து, செருப்புக்கும் துவக்குக்கும் ஒரே மரியாதை என்றாள்.

எங்கள் கோயில்களில் ஆம்பிளைகள் மேல் சட்டையோடு உள்ளே போவதில்லை என்று எல்லாருக்கும் தெரியும். சட்டையைக் கழற்றினால் இடுப்பில் இருப்பது ஊருக்கே தெரியும். இப்போது யோசிக்க இது விளங்குகிறது. அன்று அண்ணை வானைத் திறக்கச் சுதனிடம் திறப்பைக் கேட்டார். "நீங்கள் நடவுங்கோ. நான் சட்டையைக் கழட்டி வைச்சிட்டு வாறன்," என்றார். நாங்கள் நடந்தோம். ஒரு ஆள் சட்டை கழற்றுவதை யார் நின்று பார்ப்பார்கள்? நானும் சுதனும் எங்கள் சட்டைகளை முன்சீற்றில் எறிந்துவிட்டுத்தான் போனோம்.

பூசை நன்றாக நடந்தது. தவில்காரர் ரொறன்ரோவில் இருந்து வந்திருந்தார். கடைசியில் உபயகாரருக்குச் சால்வை போர்த்தினார்கள். அண்ணை அந்தச் சால்வையோடேயே பந்தியைப் பார்த்தார், பரிமாறினார். சால்வை போர்த்தவருக்குச் சட்டை எதற்கு? நாங்கள் நேரே ரொறன்ரோ திரும்புவதால் சுதன் ஆறு சோற்றுப் பார்சல் வாங்கி, வானில் கிடந்த குளிர்பெட்டிப் பைக்குள் அடுக்கினான். உள்ளே ஏதோ துணி மடித்துக் கிடந்தது. ரதி மாமி கை துடைக்கத் துவாய் வைத்திருக்கிறாள் என்று நினைத்து அதன் மேலேயே அடுக்கிவிட்டான். ஒரு மணிக்குப் புறப்பட்டோம். அண்ணை கிடாரங்களோடு தன் மனைவியின் காரில் வீட்டுக்குப் போனார்.

ஒகாயோ எல்லையைத் தாண்டிப் பென்சில்வேனியாவுக்குள் நுழைந்ததும் ஒரு தரிப்பிடம் வரும். மலசலகூடமும் வரைபடம் வைத்திருக்கும் ஒரு மேசையும் இருக்கின்றன. நாலேகால் மணி. பசி. ரதி பின்சீற்றில் இருந்து பார்சல்களை எடுத்துத் தந்தாள். கை துடைக்க அந்தத் துணியை இழுத்தாள். வரவில்லை. பாரமாக இருந்தது.

அவள் கத்தவில்லை. "இஞ்சேருங்கோ," என்று மட்டும் சொன்னாள்.

நீலச் சட்டையின் கைப்பகுதி வெளியே கிடந்தது. உள்ளே துப்பாக்கி.

சுதன் சோற்றை மடியில் வைத்தபடி இருந்தான். வான் அவனுடையது. ஓட்டியவன் அவன். பையை அடுக்கியவன் அவன். இன்னும் இரண்டு மணித்தியாலத்தில் கனடா அதிகாரி, ஆயுதம் இருக்கிறதா என்று கேட்கும்போது, இல்லை என்று சொல்லியிருக்கப் போகிறவனும் அவன். நானும் ரதியும் குடிமக்கள். தண்டனை வந்தாலும் எங்களை ஒரு இடத்துக்கும் அனுப்பமுடியாது. அவனை அனுப்பலாம்.

நான் அண்ணைக்குத் தொலைபேசி அடித்தேன். முதல் மணியிலேயே எடுத்தார். நான் வாய் திறக்க முதலே, "கண்டிட்டியளோ?" என்று கேட்டார்.

"உங்களுக்கு எப்ப தெரியும்?"

"ரெண்டு மணிபோல பாத்தன். இடுப்பில இல்லை."

இரண்டு மணிக்கு நாங்கள் கிளீவ்லண்டுக்குக்கூட வரவில்லை. ஒகாயோவில்தான் இருந்தோம். ஒரு அழைப்பு போதும், திரும்பியிருப்போம்.

"ஏன் சொல்லேல்லை?"

"சொன்னால் நீங்கள் பதறுவியள். தெரியாமல் போனால் முகத்தில ஒண்டும் தெரியாது, விட்டிடுவாங்கள் எண்டு நினைச்சன். பிறகு ஆரும் வரேக்கை வாங்கலாம்தானே."

நான் தொலைபேசியை வைத்துவிட்டேன். அப்போது என் வாயில் வந்ததை இங்கே எழுதமுடியாது.

நான் திரும்பி ஒகாயோவுக்குள் ஓடிவிடுவோம் என்றேன். எல்லை சில மைல்தான். சுதன், குப்பைத்தொட்டிக்குள் போடுவோம் என்றான். பக்கத்து வானில் சின்னப் பிள்ளைகள் இறங்கிக்கொண்டிருந்தார்கள். அதைக் கண்டு அவனே வாயை மூடிக்கொண்டான்.

ரதிதான் முடிவெடுத்தாள். "மறைச்சால்தான் களவு. நான் பொலிசுக்கு அடிக்கப் போறன்," என்றாள்.

"மாமி, என்ரை அப்ளிகேசன்..." என்றான் சுதன்.

"அதுக்குத்தான் அடிக்கிறன்," என்றாள்.

வானில் இருந்து இறங்கி, கைகள் தெரிய, தள்ளி நின்றோம். சோதனைச் சாவடிகளில் இப்படி நின்ற உடம்பு எனக்கு. அது மறக்கவில்லை.

வந்த பொலிஸ்காரர் இளம் ஆள். மரியாதையாகப் பேசினார். துப்பாக்கியை எடுத்து இழுத்துப் பார்த்தார். குழலுக்குள் குண்டு ஏறி நின்றது. பற்றீஸ் கொண்டுபோன பைக்குள், சோற்றுக்குக் கீழே, மூன்று மணித்தியாலம்.

எங்களைத் தனித்தனியாக விசாரித்தார். நான் அவரிடம் சட்டம் கேட்டேன். இதே துப்பாக்கியை, தகுதியான ஆள் ஒருவர் இந்த மாநிலத்தில் வெளியே தெரிய இடுப்பில் கட்டிக்கொண்டு பெரும்பாலான தெருக்களில் நடக்கலாம், அனுமதி வேண்டாம் என்றார். வாகனத்துக்குள் ஏற்றினால் அனுமதி வேண்டும், இல்லாவிட்டால் பாரதூரமான குற்றம். அடுத்த மாநிலம் நியூயோர்க்கில் அனுமதி இல்லாமல் கைத்துப்பாக்கி வைத்திருப்பதே குற்றம். அவர் அதைக் காலநிலை சொல்வது மாதிரிச் சொன்னார். ஒரு மனிதன் காலையில் உரிமையோடு கட்டிய சாமான், பின்னேரம் அசையாமல் பையில் கிடந்தே இன்னொருவனைக் குற்றவாளி ஆக்குகிறது.

அவர் குகன் அண்ணைக்கும் அடித்துக் கேட்டார். பிறகு எங்களிடம் வந்து, துப்பாக்கியின் சொந்தக்காரர் அது கோயிலில் காணாமல் போனதாகச் சொல்கிறார் என்றார்.

காணாமல் போனதாம்.

துப்பாக்கியை எடுத்துக்கொண்டு, விபரங்களைப் பதிந்துகொண்டு, எங்களைப் போகச் சொன்னார். வழக்கு வருமா என்று சுதன் கேட்டான். அது தன் கையில் இல்லை, மேலே பார்ப்பார்கள் என்றார். கனடா எல்லையில் ரதி எல்லாவற்றையும் தானாகச் சொன்னாள். வானைக் கழற்றாத குறையாகத் தேடினார்கள். சுதன் போட்டோ ஒன்றும் எடுத்திருக்கவில்லை.

ஒகாயோ பேர்மிற்றை எடுத்துவிட்ட அதே வருடம் கனடா கைத்துப்பாக்கி விற்பதையே நிறுத்தியது. அதனால் ஸ்காபுறோவில் துப்பாக்கிச் சூடு நின்றுவிட்டது என்று நான் சொல்லவில்லை. எங்கள் தெருவிலும் பொலிஸ் மஞ்சள் நாடா கட்டிய காலைகளை லொறியில் இருந்து பார்த்திருக்கிறேன். அந்தத் துப்பாக்கிகள் எப்படி எல்லை கடந்து வருகின்றன என்று முந்தி யோசிப்பேன். பெரிய கும்பல், பெரிய திட்டம் என்று நினைப்பேன். ஒரு நீலச் சட்டையிலும் வரப் பார்க்கும் என்று இப்போது தெரியும். பேர்மிற்றுக்கு நடத்திய வகுப்பில் வேறு ஒன்றும் படிப்பிக்காவிட்டாலும், சாமானைக் கண்ட இடத்தில் வைத்துவிட்டுப் போகாதே என்றாவது யாரோ ஒருவர் சொல்லியிருப்பார். இப்போது அதைச் சொல்லவும் ஆள் தேவையில்லை என்று சட்டம் சொல்லிவிட்டது. நாங்கள் எல்லாரும் இடுப்பில் துவக்கு வைத்திருந்த ஆட்களுக்குப் பயந்து ஓடிவந்தவர்கள். அவர்களும் எங்களிடம் பேர்மிற் காட்டியதில்லை.

இங்கே ஒரு சட்டத்தரணியிடம் போனோம். அமெரிக்காவில் வழக்குப் பதிந்தால் சுதனின் குடியுரிமை அந்த இடத்திலேயே நிற்கும் என்றார். சொந்தக்காரர், நான்தான் வைத்தேன், வானில் வந்தவர்களுக்குத் தெரியாது என்று சத்தியக்கடதாசி தந்தால் பெரிய உதவி என்றார். நான் அண்ணையிடம் கேட்டேன். தலைவரே கோயிலுக்குத் துவக்கோடு வந்தார் என்று கதை வரும், நிர்வாகசபையில் தன்னை இறக்கிவிடுவார்கள் என்றார். "அவனுக்கு ஒண்டும் வராது, பேசாமல் இருங்கோ," என்றார். அதோடு ரொறன்ரோ ஆட்கள் பயந்தாங்கொள்ளிகள் என்று ஊர்ச்சங்க வட்ஸ்அப் குழுவில் எழுதியும் இருக்கிறார். பாதி ஊர் அதை நம்பிவிட்டது.

அண்ணை, வருகிற மாதம் எங்கள் ஊர்ச்சங்க ஆண்டு விழா இங்கே, ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் யூனியன்வில்லில் நடக்கிறது. பிரதம விருந்தினர் நீங்கள். வானில் என்ன இருந்தது என்று இரண்டு மணிக்கே தெரிந்தும், ஒகாயோவுக்குள் இருந்த எங்களை ஏன் திருப்பிக் கூப்பிடவில்லை? பொலிசுக்கு ஏன் காணாமல் போனது என்றீர்கள்? எனக்குத் தனியாகத் தொலைபேசியில் பதில் சொல்லவேண்டாம். மேடையில், மைக்கில், எல்லாருக்கும் முன்னால் சொல்லுங்கள். சுதனை முன்வரிசையில் கொண்டுவந்து இருத்துகிறேன். அவன் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள்.