தாய்க்கு இளையவன்

எங்கள் அம்மா சாம்பல்தீவில் பிறந்தவர். திருகோணமலைத் துறைமுகத்தில் வேலை பார்த்த அப்பாவைக் கைப்பிடித்து நகருக்கு வந்தார். யுத்தமும் இடம்பெயர்வும் அவரையும் அலைக்கழித்தன. அதை அவர் பெரிய கதையாகச் சொன்னதில்லை. அப்பா காலமான பின் இடியப்பம் அவித்துக் கடைகளுக்குக் கொடுத்து என்னைப் படிப்பித்தார்.

தம்பியை அம்மா பெறவில்லை. வெருகலில் தூரத்து உறவுப் பெண் ஒருவர் பிரசவத்தோடு இறந்துபோக, கைகால் விளங்காத அந்தக் குழந்தையை அம்மா எடுத்து வந்தார்.

"எடுக்கிறதெண்டால் நல்ல பிள்ளையாப் பார்த்து எடுத்திருக்கலாமே" என்றார் பெரியம்மா.

"பிள்ளை என்ன மீனா அக்கா, செவுளைத் தூக்கிப் பார்த்து எடுக்க?"

தம்பி நடக்கவில்லை. கைகள் அவன் சொற்கேளா. பேச்சு மெதுவாக வரும். அறிவுக்கும் குறும்புக்கும் குறைவில்லை. சோற்றைக் குழைத்து ஊட்டி, குளிப்பாட்டி, எழுத்தும் சொல்லிக்கொடுத்தார் அம்மா. அவன் வளர்ந்து ஆளான பிறகும் இடுப்பு வலியோடு தூக்கினார். "பாரமில்லையா அம்மா?" என்று நான் கேட்டால், "உன்னை வளர்த்ததிலும் லேசு" என்பார். அது பகிடி என்றே இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன்.

பாரிசவாதத்தில் அம்மா படுத்த படுக்கையானபோது, தம்பியின் சக்கரக் கதிரை கட்டிலை விட்டு அகலவில்லை. ஒரு கோப்பையைத் தூக்க அவனுக்கு ஏலாது. ஆனால் அம்மாவின் உதடு காய்வதை முதலில் காண்பவன் அவன்தான். "அண்ணி, அம்மாவுக்குத் தண்ணி" என்று என் மனைவியைக் கூப்பிடுவான். நான் கைபேசியிலிருந்து தலை நிமிர்வேன்.

தந்தைக்கு மூத்த மகனும் தாய்க்கு இளைய மகனும் கொள்ளி வைப்பது எங்கள் வழக்கம். அப்பாவுக்கு நான் வைத்தேன். அம்மாவின் இறுதிக் கிரியை அன்று காலை, தனக்கு முகம் மழித்து வேட்டி கட்டிவிடச் சொன்னான் தம்பி. கட்டிவிட்டேன்.

"கடைசி மகன் ஆர்?" என்று கேட்டார் ஐயர்.

தம்பி கையை உயர்த்தப் பார்த்தான். அதற்குள் நான் முந்திக்கொண்டேன்.

"அம்மாவுக்கு நான் ஒரே மகன், ஐயா."

முற்றம் நிறைய உறவினர். ஐயர் என் விரலில் தர்ப்பையை மாட்டினார்.

"சுடலைக்காவது கொண்டு போங்கோ அண்ணா" என்றான் தம்பி.

"மணலில சில்லு புதையும். நீ நில்லு."

நாலு பேர் பிடித்திருந்தால் அவனைக் கதிரையோடு தூக்கிப் போயிருக்கலாம். அவன் கை நடுங்கிக் கொள்ளி விழுந்தால் சனம் என்ன கதைக்கும் என்பதுதான் என் கவலை. சொல்ல வெட்கமாக இருக்கிறது. கொள்ளி வைத்தவரே முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியையும் செய்ய வேண்டுமாம். ஆகவே இன்றும் தர்ப்பை அணிபவன் நான்தான். இனி அதை மாற்ற வழியில்லை.

அம்மாவைத் திருப்பிப் படுக்கவைக்க இரவு பகல் பாராமல் வந்த அயலவர்களுக்கும், கிண்ணியாவிலிருந்து பந்தலும் கதிரைகளும் கொண்டுவந்து இறக்கிய அப்பாவின் நண்பர் குடும்பத்துக்கும், எங்களோடு துயர் பகிர்ந்த எல்லோருக்கும் இந்த நினைவு மலரில் கைகூப்பி நன்றி சொல்கிறோம்.

அச்சுக்குக் கொடுக்குமுன் இதைத் தம்பிக்கு வாசித்துக் காட்டினேன்.

"அந்தக் கொள்ளிக் கதையை எடுத்துவிடுங்கோ அண்ணா. அம்மாவின்ர புத்தகத்தைப் படிச்சுப்போட்டு ஆக்கள் உங்களைக் குறையா நினைக்கக் கூடாது" என்றான்.

இந்த முறையும் நான் அவன் சொல்லைக் கேட்கவில்லை.

மூத்த மகன்