சம்மன் போன வாரத்தில் வந்த வெற்றிலைத் தட்டு

எண்பதுகளில் நான் மலேசியாவின் கோலசிலாங்கூரில் தனியார் நில அளவையாளராக இருந்தேன். மாவட்ட மன்றத்துக்காக பக்கத்து ஊரான அசாம் ஜாவாவில் ஒரு வாய்க்கால் தடத்தை அளந்து கொடுத்தேன். கட்டணத்தைத் தராமல் இரண்டு வருடம் இழுத்தடித்தார்கள். பொறுத்துப் பார்த்துவிட்டு மன்றத்தின் மேலேயே வழக்குப் போட்டேன்.

சம்மன் போன அதே வாரம், மன்ற அலுவலகக் குமாஸ்தாக்களுக்கெல்லாம் மேலே இருந்த தலைமைக் கிராணி ராமையா மனைவியோடு என் வீட்டு வாசலில் வந்து நின்றார். கையில் வெற்றிலை, பாக்கு, பழத்தோடு ஒரு தட்டு. எனக்குச் சுர்ரென்று கோபம் ஏறியது.

“தட்டைத் தூக்கிட்டு வந்தா கேஸை வாபஸ் வாங்கிருவேனா?” என்று கத்திவிட்டேன்.

அவர் மனைவி திடுக்கிட்டார். ராமையா சிரித்தார்.

“யாரு சார் வாங்கச் சொன்னா? மகளுக்குக் கல்யாணம் லா. கோயில்ல முதல் பத்திரிகை வச்சிட்டு நேரா இங்கதான் வர்றோம். நீங்க கேஸை விட்டுறாதீங்க. கோர்ட்டு ஆர்டர் வந்தாத்தான் எங்க துவான் பணத்துக்குக் கையெழுத்துப் போடுவாரு.”

தட்டை வாங்கும்போது அந்த அம்மாவின் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

கல்யாணத்தில் ராமையா என்னை மன்றத்தின் பெரிய அதிகாரியான அந்தத் துவானுக்குப் பக்கத்திலேயே உட்காரவைத்தார். “நம்ம மேல கேஸ் போட்டவரு இவருதான்” என்று, மாப்பிள்ளையை அறிமுகப்படுத்துவதுபோல் மலாயில் பெருமையாகச் சொன்னார். துவான் ஒரு கணம் விழித்துவிட்டு, தண்ணீர் டம்ளரை என் பக்கம் நகர்த்தினார்.

வழக்கில் ஜெயித்தேன். பணமும் வந்தது, செலவாகியும் போனது.

இன்றும் யார் வாசலில் வந்து நின்றாலும் “உள்ள வாங்க” என்று முதலில் சொல்லிவிடுகிறேன். எதற்கு வந்தார்கள் என்பதையெல்லாம் அவர்கள் உட்கார்ந்த பிறகு கேட்டுக்கொள்ளலாம்.