பேய்ப்பிள்ளைகளுக்கு வைத்த பொட்டு

1. முதல் நாள்

சிசிலியில், சியாகுல்லி என்ற ஊரில், மண்டரின் தோடம்பழத் தோட்டத்துக்கு நடுவே ஆளில்லாத ஒரு பழைய பண்ணைவீடு. கடைசித் தரிப்பில் பஸ்ஸால் இறங்கி நடந்து போய்ச் சேர்ந்தபோது, வாசலில் பன்னிரண்டு பிள்ளைகள் சாம்பல் பூசிய முகத்தோடு என்னையே முறைத்துக்கொண்டு நின்றார்கள். அதில் ஒருத்தி வாய் திறந்தாள்.

"அன்ரி, எனக்கு ஒண்டுக்கு வருது."

அபி. பிரான்காச்சோவில் எங்கள் மாடிக் குடியிருப்புத் தமிழ்ப் பிள்ளை. அவள் கூப்பிட்டதைக் கேட்டு, மத்தியானத்துக்குள் சிசிலிப் பிள்ளைகள் பதினொருவருக்கும் நான் அன்ரி ஆகிவிட்டேன்.

எடுத்தது பேய்ப்படம். ஒதுக்குப்புறமான தோட்டத்தில் தனியாக வாழும் பிள்ளைகள், வழிதவறி வருகிற பெரியவர்களைத் திரும்பிப் போக விடுவதில்லை. இதுதான் கதை. பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. சாப்பாடு, சண்டை, மூக்குச் சிந்தல் எல்லாம் என் பொறுப்பு. மேக்கப் முடிந்ததும் மரங்களுக்குள் கூட்டிப்போய் ஷாட்டுக்கு நிறுத்துவதும் நான்தான்.

அதற்கு முன் வீடுகளில் துப்புரவு வேலை செய்தேன். கொன்ராத்து, அதாவது வேலை ஒப்பந்தம், எழுதித் தந்த ஒரே வீட்டுக்காரச் சிஞ்ஞோரா மகளோடு மிலானுக்குப் போய்விட்டா. இங்கே தங்குவதற்கான என் பெர்மெஸ்ஸோ முடிய இரண்டு மாதம்தான் இருந்தது. அதைப் புதுப்பிக்கப் பொலிஸ் தலைமையகமான குவெஸ்தூராவில் காட்ட என்னிடம் இருந்தது இந்தப் படத்துக் கொன்ராத்து ஒன்றுதான்.

2. குளோசப்

முதல் வாரமே ஒருத்தனுக்குக் காய்ச்சல், ஒருத்திக்கு வயிற்றோட்டம், இன்னொருத்தனுக்கு மரத்தால் விழுந்து முழங்கால் தேய்ந்தது. நாற்பது பெரியவர்கள் நாள் முழுக்கப் பிள்ளைகளையே உற்றுப் பார்த்தால் கண்ணூறு, நாவூறு படாமல் என்ன செய்யும்? இரண்டாம் வாரம் தொடங்க, மேக்கப் மேசையில் கிடந்த கறுப்புப் பென்சிலை எடுத்து, மரங்களுக்குள் வைத்துப் பன்னிரண்டு பேருக்கும் இடக்கன்னத்தில் தினமும் ஒவ்வொரு பொட்டு வைத்தேன். ஒருவரிடமும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய விஷயமாகவே எனக்குப் படவில்லை.

பொட்டு வைத்த முதல் நாலு நாளும் தூரத்து ஷாட்டுகள். ஒருவரும் கவனிக்கவில்லை. பிள்ளைகளுக்கும் சுகம் வந்தது. எனக்கு ஒரே பெருமை.

ஐந்தாம் நாள் குளோசப். மொனிட்டருக்கு முன் இருந்த இயக்குநர் லிவியா எழும்பிவிட்டா. அவர்கள் இத்தாலியனில் கதைத்ததை என் தமிழில் எழுதுகிறேன்.

"இதென்ன கன்னத்திலை? பூச்சியோ?"

மேக்கப் போடுகிற பெட்டை தான் இல்லையென்று சத்தியம் பண்ணினாள். அபி எனக்கு உதவி செய்கிறதாக நினைத்துக்கொண்டு, "அது அன்ரி வச்சது, எங்கள் எல்லாருக்கும் வச்சவ" என்றாள்.

முதல் வாரம் எடுத்ததில் பொட்டு இல்லை. பிறகு எடுத்ததில் இருக்கிறது. பெரிய திரையில் பளிச்சென்று தெரியும். தயாரிப்பு மேலாளரின் முகம் மேக்கப் இல்லாமலே பிள்ளைகளின் நிறத்துக்கு வந்தது.

"நீங்கள் நாளைக்கு வரவேண்டாம்" என்றார்.

பையை எடுக்கப் போனேன். வெறுங்கையோடு குவெஸ்தூரா வரிசையில் நிற்பதை நினைக்க அழுகை வந்தது.

3. தாய்மார்

பிள்ளைகளைக் கூட்டிப்போக வந்த தாய்மார் வாசலில் நின்றார்கள். ரொசாலியா இரட்டைப் பையன்களின் தாய். கபோ சந்தையில் மீன் விற்கிறவ. நான் அழுதுகொண்டு வருவதைக் கண்டு மறித்து விசாரித்தா. நடந்ததைச் சொன்னேன்.

"மலோக்கியோவுக்கோ வச்சனீ?"

மலோக்கியோ என்பது அவர்களுடைய நாவூறு.

"ஓம்" என்றேன்.

என் பின்னால் ஓடிவந்த பிள்ளைகளில் தன் மகன் ஒருவனின் சட்டையை ரொசாலியா திருப்பிக் காட்டினா. உள்ளே நாவூறுக்குக் காப்பாக ஒரு குட்டிச் சிவப்புக் கொம்பு ஊசியால் குத்தியிருந்தது. மற்றத் தாய்மாரும் தங்கள் பிள்ளைகளின் சட்டையைத் திருப்பினார்கள். எல்லாரும் ஒளித்து வைத்ததை நான் கன்னத்தில் வைத்திருக்கிறேன், அவ்வளவுதான். ரொசாலியா என் கையைப் பிடித்து மேலாளரிடம் இழுத்துக்கொண்டு போனா.

"பொட்டை அழிச்சால் என்ரை பிள்ளையள் கமெராவுக்கு முன்னாலை வராயினம். இவவும் போகேலாது."

"சிஞ்ஞோரா, இது படம்."

"படம் உங்கடை. பிள்ளையள் எங்கடை."

லிவியாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. திரும்பப் போய் மொனிட்டரைப் பார்த்தா. பன்னிரண்டு சாம்பல் முகங்கள், எல்லாவற்றிலும் ஒரே இடத்தில் ஒரு கறுப்புப் புள்ளி.

"பாக்க எனக்கே பயமாக் கிடக்கு. இருக்கட்டும். முதல் வாரத்திலை பிள்ளையளின்ரை காட்சி ரெண்டுதானே, திருப்பி எடுப்பம். ஆனால் ஒவ்வொரு நாளும் அதே இடத்திலை வைக்க ஒரு ஆள் வேணும்."

மேலாளர் பெருமூச்சு விட்டார். "காலமை ஏழு மணிக்கு வாங்கோ" என்றார்.

4. பிறகு

பெர்மெஸ்ஸோ கிடைத்தது. படம் ஓடிய தியேட்டரில், முதல் பிள்ளை கன்னத்தைத் திருப்பியதும் முன்வரிசை ஆட்கள் கண்ணைப் பொத்திக்கொண்டார்கள். பக்கத்தில் இருந்த அபி, "அன்ரி, நாங்கள் அவ்வளவு பயங்கரமோ?" என்று பூரித்துப்போனாள்.

ஆனால் ஒன்று. நான் செய்தது பிழை. நல்லபடியாக முடிந்ததால் அது சரியென்று ஆகிவிடாது. ரொசாலியா அன்றைக்குச் சந்தையில் நின்றிருந்தால் நான் இப்போது இந்தக் கதையை வேறு மாதிரிச் சொல்லிக்கொண்டிருப்பேன். இந்தத் தொழிலுக்கு வருகிற பிள்ளைகளே, நல்லதுக்குச் செய்தாலும் சொல்லிவிட்டுச் செய்யுங்கள்.

அடுத்து எனக்குக் கிடைத்தது ஒரு கலியாணப் படம். முதல் நாளே அந்த இயக்குநரிடம் போனேன்.

"பிள்ளையளுக்குப் பொட்டு வைக்கப்போறன். எங்கை வைக்க?"

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "கமெராவுக்குத் தெரியாத இடத்திலை" என்றார்.

உள்ளங்காலில் வைத்தேன்.