மூணு பர்சென்ட் எதுக்கு மேல?

இன்னிக்கு ஆரணியில எங்க ஸ்கூல் ஆபீஸ்ல வருமான வரிப் படிவத்துல கையெழுத்து கேட்டாங்க. பாத்தா, கல்வி வரின்னு 7,200 ரூபா போட்டிருக்கு.

"வரியே எட்டாயிரம்தானே சார், அதுக்கு மேல இது ஏழாயிரமா?"ன்னு கேட்டேன்.

கிளார்க் நிமிர்ந்துகூட பாக்கல. "உங்க வருமானம் ரெண்டு லட்சத்து நாப்பதாயிரம், அதுல மூணு பர்சென்ட். பேஜார் பண்ணாம ஜல்தி போடுங்க சார், எனக்குப் பெரணமல்லூர் பஸ் போயிடும்."

"மூணு பர்சென்ட் வருமானத்துக்கு இல்ல சார், வரிக்கு. 240 ரூபாதான் வரும்."

"நீங்க தமிழ் வாத்தியார். கணக்கு சாரே கையெழுத்து போட்டுட்டாரு!"

பக்கத்துல டீ குடிச்சிகினு இருந்த கணக்கு சார் தன் படிவத்தை வாங்கி, ரெண்டு தடவ பெருக்கிப் பாத்தாரு. அப்புறம் மெதுவா எங்கிட்ட, "என்னுதயும் கொஞ்சம் கணக்குப் போட்டுக் குடுங்க சார்"ன்னாரு.

கிளார்க் பஸ்ஸை விட்டுட்டு பதினெட்டு படிவத்தையும் திருத்திகினு இருக்காரு. பதினேழுல ஏற்கெனவே கையெழுத்து இருக்கு.

கல்விக்குன்னு வாங்குற வரியைக் கணக்குப் போட ஒரு பள்ளிக்கூடத்துக்கே தெரியல. அந்தப் பணத்தை முதல்ல எங்க ஸ்டாஃப் ரூமுக்குச் செலவு பண்ணலாம்.

உங்க ஆபீஸ்ல எவ்வளவு புடிச்சாங்கன்னு பாத்துட்டு சொல்லுங்க. கணக்கு வாத்தியாருங்க வெக்கப்படாம வரலாம்.