பட்டனிலிருந்து கையை எடு

கடைக்குள் நுழைகிறவர்கள் பழுதான லேப்டாப்பை, எல்லோரும் 'போர்டு அக்கா' என்று கூப்பிடுகிறவளின் கணவனிடம்தான் நீட்டுவார்கள். கல்யாணமான புதிதில் அவன் பழுது பார்த்தான், அவள் ரசீது எழுதினாள். ஆறே வருடத்தில் இருவரும் நாற்காலி மாற்றிக்கொண்டார்கள். இப்போது மதர்போர்டு என்றாலே அவன் காத தூரம் ஓடுவான். "வேலை பாக்கறது அவங்க" என்று உள்மேஜையைக் காட்டுவான். வந்தவர் முகம் கோணும். அது அக்காவுக்குப் பழகிவிட்டது. கோபம் வருவது மட்டும் நிற்கவில்லை.

அன்று வந்த ஆராய்ச்சி மாணவிக்கு முகம் கோணக்கூடத் தெம்பில்லை. நான்கு வருட ஆய்வு அந்த லேப்டாப்பில் இருந்தது. வேறெங்கும் பிரதி கிடையாது. லேப்டாப்பைத் தொடக்கிவைக்கும் பயாஸ் மென்பொருளுக்கு அப்டேட் ஓடும்போது திரை கறுத்ததும் பயந்துபோய்ப் பவர் பட்டனை அழுத்தி அணைத்திருக்கிறாள். அதோடு பேச்சுமூச்சில்லை. கோப்புகள் இருக்கும் சிப்பும் போர்டோடு பற்றவைத்தது என்பதால் தனியாகக் கழற்ற வழியில்லை. இரண்டு கடைகளில் கைவிரித்துவிட்டார்கள்.

அக்கா பேட்டரியைக் கழற்றினாள். சுண்டுவிரல் நகத்தில் பாதிகூட இல்லாத பயாஸ் சிப்பைக் கிளிப்பால் கவ்வி, அதில் மிச்சமிருந்ததைத் தன் கம்ப்யூட்டரில் படித்துச் சேமித்தாள். மறுபடியும் படித்தாள். இரண்டும் ஒத்துப்போகவில்லை. அவசரக்குடுக்கை எவனாவது அப்போதே அழித்துப் புதிதாக எழுதியிருப்பான். அந்த லேப்டாப்புக்கே உரிய விவரங்களும் கூடவே போயிருக்கும். இரண்டு பிரதி ஒத்துப்போகாமல் எதையும் அழிப்பதில்லை என்பதில் அக்கா பிடிவாதக்காரி. சிப்பின் கால்களை ஸ்பிரிட் தொட்டுத் துடைத்து, திரும்பத் திரும்பப் படித்தாள். ஐந்தாவதும் ஆறாவதும் அச்சு அசலாக ஒத்துப்போயின. கெட்டுப்போன பகுதியை மட்டும் கம்பெனி தரும் நல்ல பயாஸ் கோப்பிலிருந்து எடுத்து எழுதினாள்.

கிளிப்பை எடுத்து, பேட்டரியை மாட்டிப் பட்டனை அழுத்தியதும் விளக்கு எரிந்தது. திரை மட்டும் இருட்டாகவே கிடந்தது. ஒரு நிமிடம் போயிற்று, இரண்டு நிமிடம் போயிற்று. மாணவியின் கை தன்னையறியாமல் பட்டனுக்குப் போனது.

"கைய எடும்மா. புதுசா எழுதினா மொத தடவ இப்படித்தான் யோசிக்கும். இப்ப அணைச்சா நானும் கைவிரிக்க வேண்டியதுதான்."

மூன்றாவது நிமிடத்தில் திரை வெளுத்தது. ஆய்வு திறந்தது, முந்நூற்றுப் பன்னிரண்டு பக்கமும் முழுசாக. மாணவி தேம்பத் தொடங்கினாள். அக்காவுக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை; இருந்தும் இழுப்பறையைத் திறந்து ஒரு பென் டிரைவை எடுத்துச் செருகினாள்.

"மொதல்ல எல்லாத்தையும் இதுல ஏத்திக்கோ. அப்புறம் உக்காந்து நிதானமா அழலாம்."