வழக்கை மதுரைக்கு விட்டுக்கொடுத்தவர்

வழக்கறிஞர் செல்வராணி இறந்துவிட்டார் என்று திருத்தங்கலிலிருந்து அவருடைய தம்பி போனில் சொன்னபோது, நான் ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டு வாசலில் அவருக்காகத்தான் காத்திருந்தேன். பஸ்ஸுக்கு நின்றவர் அப்படியே சரிந்திருக்கிறார். மாரடைப்பு. ஆஸ்பத்திரி போய்ச் சேருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. "எந்தச் செல்வராணி?" என்று நான் திருப்பிக் கேட்டேன். எனக்குத் தெரிந்த செல்வராணி ஒருவர்தான்.

நண்பர்களுக்கு அந்த ஏழாயிரம்பண்ணைப் பட்டாசு ஆலை வழக்கு நினைவிருக்கும். வெடிமருந்து அறையில் அளவுக்கு மீறி ஆட்களை வைத்ததால் வெடித்தது. உள்ளே இருந்த பெண்கள் ஒருவரும் மிஞ்சவில்லை. இறந்தவர்களின் குடும்பங்களுக்காக, அரசு வழக்கறிஞருக்குத் துணையாக, செல்வராணியும் நானும் வாதாட நின்றோம். சாட்சி விசாரணை தொடங்கும் நேரத்தில், குற்றம் சாட்டப்பட்ட ஆலை முதலாளி உயர் நீதிமன்றக் கிளையில் ஒரு மனுப் போட்டார். சிறுநீரகம் பழுதாகி மதுரையில் டயாலிசிஸ் நடக்கிறது, விசாரணையையும் மதுரைக்கு மாற்றித் தர வேண்டும் என்று.

நாடகம் என்றோம் எல்லோரும். செல்வராணி மட்டும் எதிர்மனுவில் கையெழுத்துப் போடவில்லை. அவர்கள் தரப்பு வக்கீலிடம் கேட்டுக்கொண்டு, ஆஸ்பத்திரிக்கே போய் அந்த மனிதரைப் பார்த்துவிட்டு வந்தார்.

"நோவு நெசம். பொய்யின்னு எழுத என் கை வராது" என்றார்.

மகளைப் பறிகொடுத்த மாரியம்மாளுக்கு இது தாங்கவில்லை. "நீங்க எங்க பக்கமா தாயி, அவுக பக்கமா?" என்று எங்கள் அறையிலேயே கேட்டுவிட்டார்.

"நடுவுல அவரு செத்தா, கேசும் அன்னைக்கே முடிஞ்சிரும்க்கா. உங்க மக எப்படிச் செத்தான்னு எந்தக் கோர்ட்டும் சொல்லாது. அவரு உசுரோட இருந்து தீர்ப்பக் கேக்கணும்" என்றார் செல்வராணி.

மாற்றத்துக்கு ஆட்சேபம் இல்லை, ஆனால் டயாலிசிஸ் இல்லாத நாட்களில் விசாரணை தொடர்ந்து நடக்க வேண்டும் என்று கேட்டார். அது கிடைத்தது. வேலையை விட்டுவிட்டு மதுரைக்குப் பஸ் ஏறிய பெண்களோடு ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவரும் ஏறினார். போன மாதம் தீர்ப்பு வந்தது. தண்டனை. முதலாளியால் நிற்க முடியாததால் நீதிபதி உட்காரச் சொன்னார். நாற்காலியில் இருந்தபடி முழுவதையும் அவர் கேட்டார்.

அந்தப் பயணங்களின்போதே அக்காவுக்கு நெஞ்சு வலித்தது, யாரிடமும் சொல்லக் கூடாது என்று சத்தியம் வாங்கியிருந்தார் என்று தம்பி இப்போது சொல்கிறார். பக்கத்து சீட்டில் உட்கார்ந்து போன எனக்கு ஒன்றும் தெரியவில்லை.

உடலை எடுக்கும்போது மாரியம்மாள் அழாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "அந்த நோவாளி இருக்காரு. இவுக எப்படிப் போனாக?" என்று கேட்டார்.

எதிர்த்தரப்பில் ஒருவருக்கு உடம்பு சரியில்லை என்று மனு வந்தால், மறுத்து எழுதுமுன் நேரில் போய்ப் பார்ப்பேன். செல்வராணியிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அது.