அக்காவை எடுத்த வாசல்

கோவையில், கல்லூரியில் வகுப்பெடுக்கப் படியேறிக்கொண்டிருந்தபோது கைபேசி அடித்தது. ஊட்டி காந்தலிலிருந்து ஸ்டெல்லா அக்கா. என் அக்கா ருக்மணியோடு ஒரே தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். கடைசிக் காலத்தில் அவருக்குப் பக்கத்து வீட்டுக்காரராகவும் இருந்தவர்.

"தம்பி, ருக்கு போயிட்டா. காப்பியக் கையில குடுத்துட்டு இப்படித் திரும்பறேன், சாஞ்சுட்டா" என்றார். அழவில்லை. "சீக்கிரம் வாங்க. ஊட்டு ஓனர் வந்து நிக்கறாரு. பாடிய எப்ப எடுக்கறீங்கன்னு கேக்கறாரு."

ருக்மணி அக்காவை அறிந்தவர்களுக்கு அவரைப் பற்றி நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. அறியாதவர்களுக்காக எழுதுகிறேன். குன்னூருக்குக் கீழே ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர் அவர். தோட்டத்தின் பெயரை எழுதப்போவதில்லை. அதன் முதலாளி குடும்பத்துக்கு என் கையால் விளம்பரம் செய்ய விருப்பமில்லை.

தோட்டத்தில் எங்களுக்கு இருந்தது லைன் வீடு. நீளமான ஒரே தகரக் கூரையின் கீழ் ஒட்டிக்கொண்டிருக்கும் வீடுகளில் கடைசி வீடு எங்களுடையது. தோட்டத்தில் வேலை இருக்கும்வரை வீடு உண்டு. வேலை செய்தவர் இறந்தால் அந்தக் குடும்பத்திலிருந்து இன்னொருவர் வேலைக்குப் பேர் கொடுக்க வேண்டும். இல்லையென்றால் சட்டி பானையோடு வெளியேற வேண்டும். சில்வர் ஓக் மரத்தில் கிளை வெட்டும்போது விழுந்து அப்பா இறந்தார். அம்மா மூச்சிரைப்பால் ஏற்கெனவே வேலையை விட்டிருந்தார். காரியம் முடிந்த மறுநாளே ஆபீசிலிருந்து ஆள் வந்து நின்றார். "பேர் குடுக்கறீங்களா, ஊட்டைக் காலி பண்றீங்களா? முதலாளி கேக்கச் சொன்னாருங்க."

அக்கா அப்போது பத்தாம் வகுப்பு. கணக்கில் அவர்தான் பள்ளியிலேயே முதல். அம்மா என் பக்கம் திரும்பினார். அக்கா முந்திக்கொண்டார்.

"அவனை எதுக்குப் பாக்கறீங்க? அட்டை கடிச்சாலே ஊரைக் கூட்டுவான். என் பேரைக் குடுங்கம்மா."

அவ்வளவுதான். மறுவாரம், தேயிலைச் செடி கிழிக்காமலிருக்க இடுப்பில் படங்குச் சாக்கைக் கட்டிக்கொண்டு, தலையில் கூடையை மாட்டிக்கொண்டு மலையேறினார். முதலாளியின் மகனுக்கும் அதே வயதுதான். அவன் பரீட்சையில் தோற்றதால் வெளிநாட்டுக்கு அனுப்பினார்கள். இதை எங்கள் லைனில் பெருமையாகப் பேசிக்கொண்டார்கள். "சின்ன முதலாளி சீமைக்குப் போறாரு" என்று என் சித்தப்பா சர்க்கரை வாங்கி வந்து எல்லோர் கையிலும் போட்டார். சொந்த அண்ணன் மகள் படிப்பை விட்டபோது அவர் வாயே திறக்கவில்லை. பணக்காரர்களை நான் வெறுப்பதற்குக் காரணம் தேட வேண்டியதில்லை. அவர்களை நேசிக்கும் எங்கள் ஆட்களைத்தான் இன்றுவரை எனக்குப் புரியவில்லை.

மேட்டுப்பாளையத்திலிருந்து ஒரு குடும்பம் அக்காவைப் பெண் பார்க்க வந்தது. காப்பியைக் கொடுத்துவிட்டு அக்கா கேட்டார்: "மாப்பிள்ளை இங்க வந்து தோட்டத்துல பேர் குடுப்பாருங்களா? நான் போனா அம்மாவுக்கு ஊடு இல்லீங்க." வந்தவர்கள் அதை விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தார்கள். பிறகு யாரும் வரவில்லை.

அக்கா அழுமூஞ்சி அல்ல. ஒருமுறை பங்களாவுக்கு வந்த விருந்தாளி அம்மா ஒருவர் படம் எடுத்துக்கொள்ள அக்காவின் கூடையைக் கேட்டாராம். அக்கா கழற்றி, அவர் தலையில் மாட்டிவிட்டு, பாத்தி ஓரமாக உட்கார்ந்துவிட்டார். படம் எடுத்து முடித்ததும் அந்த அம்மா கூடையை நீட்டினார். "இருக்கட்டுங்க. ரொப்பிட்டுக் குடுங்க, நான் காத்திருக்கறேன்" என்றாராம் அக்கா. மேஸ்திரி சிரிப்பை அடக்க முடியாமல் செடிக்குள் குனிந்துகொண்டார். மறுநாள் அக்காவை ஆபீசுக்கு வரச்சொல்லி, நாள் முழுவதும் வெளியே நிற்க வைத்தார்கள்.

நான் படித்தேன், வேலைக்குப் போனேன். கோவைக்கு வந்துவிடுங்கள் என்று எத்தனையோ முறை கூப்பிட்டேன். "அம்மாவை எடுத்த வாசல் இது. என்னையும் இங்கிருந்துதான் எடுக்கோணும். அதுவரைக்கும் நகர மாட்டேன் போ" என்பார். அவர் இளமையைக் கொடுத்துக் காப்பாற்றிய வீடு அது. அதில் ஒரு ஆணிகூட அவர் பேரில் இல்லை.

அந்த வீடு போன விதத்தைச் சொல்ல வேண்டும். பெரியவர் இறந்து சின்ன முதலாளி கைக்குத் தோட்டம் வந்த பிறகு, கொழுந்து பறிப்பதை நிறுத்தப்போகிறார்கள் என்று பேச்சு வந்தது. முதலாளி மனைவியோடு லைனைப் பார்க்க வருகிறார் என்றார்கள். முதலாளி வந்தால் லைனுக்கு வெள்ளையடித்து வைப்பது எங்கள் ஆட்களின் பழக்கம். யாரும் சொல்ல மாட்டார்கள், யாரும் கூலி தர மாட்டார்கள். மரியாதை என்று அவர்களாகவே செய்வார்கள். "நாம ஊட்டை எப்படி வெச்சிருக்கறோம்னு பாத்தா மகராசன் மனசு எளகுவாரு" என்றார் சித்தப்பா. எல்லோரும் சேர்ந்து சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள், அடியில் காவி தீட்டினார்கள், எண்ணெய் டின்களில் ஜெரேனியம் பூச்செடி வைத்து வாசலில் அடுக்கினார்கள். அக்கா தன் வாசலுக்கு நீலம் அடித்தார்.

முதலாளி மனைவி அந்த வாசலில் நின்று பள்ளத்தாக்கைப் பார்த்தார். "எவ்வளவு அழகா இருக்கு! இங்கெல்லாம் டூரிஸ்ட்ட தங்க வைக்கலாமே" என்றார். மனம் இளகியதன் பலன் அதுதான். அடுத்த கோடைக்குள் லைனைக் காலி செய்தார்கள். வெளியேறும் நாளில் ஆளுக்கொரு கம்பளி கொடுத்தார் முதலாளி. சித்தப்பா அவருக்கு மாலை போட்டார். அக்கா கம்பளியை வாங்கவில்லை. காலி செய்வதற்கு முன்பே, நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று நான் கையெழுத்துக் கேட்டு வீடு வீடாகப் போனேன். "பெரிய எடத்தைப் பகைச்சுக்கலாமுங்களா, வாத்தியாரே?" என்று கதவைச் சாத்தினார்கள். அந்தக் கதவுகள் ஒவ்வொன்றும் எனக்கு நினைவிருக்கிறது.

எங்கள் லைன் வீடுகள் இன்று சொகுசு விடுதி. தோட்டத் தொழிலாளி வாழ்ந்ததுபோல வாழ்ந்து பார்க்கலாம் என்று பட்டணத்துக்காரர்களை அழைக்கிறார்கள். அக்கா அடித்த நீலத்தை அப்படியே வைத்திருக்கிறார்கள். அக்கா காந்தலில் வாடகை அறைக்குப் போனார். போன வருடம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "கண்ணு, இந்த வாடகை ஊட்டுலிருந்து என்னைத் தூக்கிராதே. அம்மாவை எடுத்த வாசலுக்குக் கொண்டுபோ" என்றார். சரி என்றேன்.

காந்தல் வீட்டுக்காரரோ மகளுக்கு நிச்சயம் வைத்திருப்பதாகச் சொல்லி, உடலை வாசலில் கிடத்தவே கூடாது என்றார். நான் சின்ன முதலாளியைக் கைபேசியில் அழைத்தேன். குரலில் வெண்ணெய்.

"வெரி சாரி சார். ருக்மணி எங்க ஃபேமிலில ஒருத்தர் மாதிரி. ஆனா இன்னிக்கு சனிக்கிழமை பாருங்க, எல்லா ரூமும் ஃபுல். பின்னால ஜீப் ரோடு இருக்கு, அப்படியே சுடுகாட்டுக்குப் போயிடலாம். நான் பெரிய மாலையா ஒண்ணு அனுப்பறேன்."

குடும்பத்தில் ஒருவரைப் பின்வழியாகக் கொண்டுபோகச் சொன்னார். நான் அக்காவை ஏற்றிய வண்டியை முன்வாசலுக்கே விடச் சொன்னேன்.

கேட்டில் காவலுக்கு நின்றவர் முருகன். எங்கள் தோட்டத்தின் பழைய பாக்டரி ஆள். வண்டிக்குள் எட்டிப்பார்த்து, தொப்பியைக் கழற்றினார். "சார், எனக்கு அவசரமா ஒண்ணுக்கு வருதுங்க. நான் இல்லாதப்ப யாரு போனாலும் எனக்குத் தெரியாதுங்க" என்று சொல்லிக் கேட்டைத் திறந்து வைத்துவிட்டுப் போனார்.

பழைய லைன் சனம் எங்கிருந்தெல்லாமோ வந்திருந்தது. தப்பட்டை முழங்க, நீல வாசலில் அக்காவைக் கிடத்தினோம். உள்ளேயிருந்து கையில் டீக் கோப்பையோடு ஒரு தம்பதி வெளியே வந்தது. ஸ்டெல்லா அக்கா பணிவாகச் சொன்னார்: "இது எழவு ஊடுங்க. கருமாதி வரைக்கும் இங்க அடுப்பு பத்த வெக்கக் கூடாதுங்க." அந்தப் பெண் கோப்பையைக் கீழே வைத்தார்.

அதற்குப் பிறகு நடந்ததை யாரும் திட்டமிடவில்லை. எங்கள் பெண்கள் தங்கள் தங்கள் பழைய வீட்டுக் கதவைத் தட்டினார்கள்.

"நல்லாத் தூங்குனீங்களா கண்ணு? கட்டில் கெடக்குதே, அங்கதான் எங்க மாமியார் உசுரு போச்சு."

"எங்க ஊட்டுக்காரர் ரத்தமா வாந்தியெடுத்தது இங்கதானுங்க. தரையை மாத்திட்டாங்களாட்ட இருக்குது, நல்லாத்தான் இருக்குது."

ஒரு சொல்கூடப் பொய்யில்லை. ஒவ்வொரு அறையிலும் எங்களில் யாரோ செத்திருக்கிறார்கள். சக்கரப் பெட்டிகள் கல் பாதையில் கடகடவென்று உருளத் தொடங்கின.

சின்ன முதலாளி ஓடி வந்தார். "இது பிரைவேட் ப்ராப்பர்ட்டி! போலீசைக் கூப்பிடுவேன்!" சித்தப்பா அனிச்சையாகத் தோள்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்தார். ஸ்டெல்லா அக்கா அதைப் பிடுங்கி அவர் தோளிலேயே போட்டார். "செத்துக் கெடக்கறது உங்க அண்ணன் புள்ள. அவளைப் பாத்துக் கும்புடுங்க, போதும்." முதலாளி என் பக்கம் வந்து தணிந்த குரலில், "சார், நீங்க படிச்சவரு. என்ன வேணும், சொல்லுங்க" என்றார். எனக்கு வேண்டியது அவர் கண்ணெதிரில் நடந்துகொண்டிருந்தது.

நீர்மாலை, வாய்க்கரிசி எல்லாம் அவசரமில்லாமல் செய்தோம். கிளம்பி நின்ற கார்கள் பாடை போகும்வரை வரிசையில் காத்துக்கிடந்தன. ஒருவரும் ஹாரன் அடிக்கவில்லை. அம்மாவை எடுத்த அதே வாசலிலிருந்து அக்காவை எடுத்தோம்.

மன்னிப்பதுதான் பெருந்தன்மை என்று நண்பர்கள் சொல்கிறார்கள். அந்தப் பெருந்தன்மையை அவர்களே வைத்துக்கொள்ளட்டும். இறந்தவரை அமைதியாக உறங்கச் சொல்லி முடிப்பதும் வழக்கம். நான் அப்படிச் சொல்லப்போவதில்லை.

அக்கா, அந்த வாசற்படியிலேயே உட்கார்ந்திருங்கள். யார் வந்து கதவைத் திறந்தாலும் எழுந்து வழிவிடாதீர்கள்.